வாங்கிய காணியும் பழையவரின் கடனும்: கேள்வி பதில்

கேள்வி (பரந்தன்): இரண்டு ஏக்கர் வயல் வாங்கி உறுதியும் முடித்துவிட்டேன். இப்போது உரக்கடைக்காரர் வந்து, பழைய சொந்தக்காரர் நாலு இலட்சம் தர வேண்டும், காணி உங்களிடம் இருப்பதால் நீங்கள் கட்டுங்கள் என்கிறார்.

பதில்: கட்டத் தேவையில்லை, தம்பி. உரக்கடன், கைமாற்று, சீட்டுக்காசு எல்லாம் கடன் வாங்கிய ஆளோடு போகும். காணியோடு வருவது நொத்தாரிசு எழுதிப் பதிந்த ஈடு, அதாவது அடமானம். கடைக்காரர் வழக்கில் வென்று, நீதிமன்றம் காணியைக் கைப்பற்றிய அறிவித்தல் உங்கள் உறுதிக்கு முன்பே பதிவாகியிருந்தாலும் சிக்கல்தான். தோம்பு, அதாவது காணிப் பதிவகத்தின் பதிவேடு, பார்த்தீர்களா? அப்புறம், விற்றவர் உங்கள் மைத்துனர், கடன்காரரை ஏய்க்க அரை விலைக்கு எழுதியது என்றால் கதை வேறு. அப்படிப்பட்ட உறுதியை நீதிமன்றம் இரத்துச் செய்யலாம்.

கேள்வி (கனகராயன்குளம்): நான் வாங்கப்போகும் காணியின் உறுதி வங்கியில் ஈட்டில் இருக்கிறதாம். முற்பணம் தந்தால் கடனைக் கட்டி மீட்டுத் தருகிறேன் என்கிறார் விற்பவர்.

பதில்: அவர் கையில் ஒரு சதமும் கொடுக்காதீர்கள். இருவருமாக வங்கிக்குப் போங்கள், மிச்சக் கடனை எழுத்தில் வாங்குங்கள், அந்தத் தொகைக்கு வங்கியின் பெயரிலேயே காசோலை எழுதுங்கள். ஈடு மீட்ட உறுதியும் உங்கள் உறுதியும் ஒரே நாளில் முடியட்டும். ஈடு தீராமல் வாங்கினால் நீங்கள் ஒழுங்காக விலை கொடுத்தவர் என்பது வங்கியைத் தடுக்காது. பெரிய கடன் என்றால் 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டப்படி வழக்கே போடாமல் ஏலத்தில் விற்கலாம். கையெழுத்து வைக்கிற அன்று காலையிலும் தோம்பு பாருங்கள். ஆகக் குறைந்தது 30 வருடப் பதிவுகள்.

கேள்வி (துணுக்காய்): அம்மா 3 இலட்சம் கடன் கொடுத்து, அது திரும்பும்வரை உழுது பயிர்செய்ய வயலை ஒற்றிக்கு எடுத்தார். கொப்பித்தாளில் எழுதி இரண்டு பேர் சாட்சி வைத்தார்கள். உடைமைக்காரர் இப்போது வேறொருவருக்கு விற்றுவிட்டார்.

பதில்: 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் காணி ஈட்டுக்கு நொத்தாரிசு உறுதி கேட்கிறது. கொப்பித்தாள் கடனுக்குச் சாட்சி, காணிக்கு அல்ல. விற்றவர் மேல் காசுக்கு வழக்குப் போடுங்கள், எழுத்துக் கடனுக்குப் பொதுவாக 6 வருடம் அவகாசம்.

கேள்வி (மல்லாவி): ஐயா, இது அநியாயம். ஊரே அறிந்த ஒற்றி. எங்கள் பக்கத்தில் யார் நொத்தாரிசிடம் போகிறார்கள்?

பதில்: போகாததால்தான் என்னிடம் வருகிறீர்கள்.

கேள்வி (துணுக்காய், மறுபடியும்): வாங்கியவர் வரம்பில் நின்று அம்மா உழுவதைப் பார்த்தவர். தெரிந்துகொண்டே வாங்கியவருக்குமா பாதுகாப்பு?

பதில்: கேள்வி நியாயமானது, பதில் கசக்கும். உங்களிடம் நொத்தாரிசு உறுதி இருந்து, பதியாமல் விட்டிருந்தாலும்கூட, பின்னால் விலை கொடுத்து வாங்கி முதலில் பதிந்தவரே முந்துவார். 1927ஆம் ஆண்டின் பதிவுச் சட்டம் அப்படித்தான். மோசடியோ கூட்டுச்சதியோ நிரூபித்தால் அந்த முந்துரிமை போகும், ஆனால் தெரிந்திருந்தது என்பது மட்டும் மோசடியாகாது. எனக்கும் இது பிடிக்கவில்லை. ஊர் மனச்சாட்சியைத் தோம்பில் எழுதுவதில்லை.

கேள்வி (மல்லாவி): அப்போ வாய்ச்சொல்லுக்கு மதிப்பே இல்லையா?

பதில்: காணியில் இல்லை. அடுத்த கேள்வி.

கேள்வி (வவுனிக்குளம்): பேர்மிற் காணி (அரசு அனுமதிப்பத்திரத்தில் கொடுத்தது) வாங்கினால் பழையவரின் கடன் வருமா?

பதில்: கடனுக்கு முதல் காணியே வராது. 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின்கீழ் வந்த காணியைப் பிரதேச செயலாளரின் சம்மதமின்றி விற்றது செல்லாது. செயலகத்துக்குப் போங்கள்.

கேள்வி (புதுக்குடியிருப்பு): பழையவரின் மின்கட்டணம் பாக்கி இருக்கிறது.

பதில்: அவர் கடன், ஆனால் இணைப்பைப் பெயர் மாற்றும்போது உங்களைத்தான் இழுத்தடிப்பார்கள். விலையில் கழித்துவிடுங்கள்.

கேள்வி (முறிகண்டி): ஒரு கடைக்காரர் பழைய சொந்தக்காரரின் கடனை என்னிடம்...

பதில்: பரந்தன் தம்பிக்குச் சொன்னதை வாசியுங்கள். தோம்பு பார்த்தீர்களா?

கேள்வி (முறிகண்டி): உறுதியின் போட்டோப் பிரதி இருக்கிறது.

பதில்: நான் கேட்டது தோம்பு.