இழப்பீட்டுப் பணத்தை வக்கீலே வைத்துக்கொண்டால்?

கேள்வி: எங்கள் நிலத்தை அரசு கையகப்படுத்தியது. கூடுதல் இழப்பீடு கேட்டுப் போட்ட வழக்கில் ஜெயித்தோம். நீதிமன்றத்தில் அரசு கட்டிய தொகையை எங்கள் வக்கீல் எடுத்துவிட்டார். கேட்டால், "பேசினபடி 30 சதவீதம் ஃபீஸ், மீதி செலவுக்கே சரியாகிவிட்டது" என்கிறார். மூலப் பத்திரத்தையும் தரவில்லை. பார் கவுன்சிலில் புகார் கொடுத்தால் பணம் கிடைக்குமா, இல்லை நுகர்வோர் நீதிமன்றம் போகலாமா?

பதில்: நுகர்வோர் நீதிமன்றத்தை மறந்துவிடுங்கள். வக்கீலின் சேவை நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வராது என்று 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பார் கவுன்சிலுக்குத் தாராளமாகப் போகலாம். ஆனால் அது பணம் வசூலித்துத் தரும் இடமில்லை. 1961-ஆம் ஆண்டு வழக்கறிஞர்கள் சட்டம் 35-ஆம் பிரிவின்படி அவரைக் கண்டிக்கலாம், சில காலம் தொழில் செய்யத் தடை போடலாம், பதிவேட்டிலிருந்து பெயரையே நீக்கலாம். பணத்துக்கு சிவில் வழக்குதான் வழி. அதற்குக் காலவரம்பு பொதுவாக 3 ஆண்டு. புகார் முடியட்டும் என்று காத்திருந்தால் வழக்கு கைவிட்டுப் போகும்.

அந்த 30 சதவீதத்துக்கு வருவோம். வழக்கில் வரும் தொகையில் பங்கு பேசுவதையே பார் கவுன்சில் விதிகள் தடுக்கின்றன. நீங்கள் அன்றைக்குத் தலையாட்டியிருந்தாலும் அது செல்லாது. அவர் இதை வாட்ஸ்அப்பில் சொல்லியிருந்தால் அழித்துவிடாதீர்கள். உங்களுக்கு அதைவிட நல்ல சாட்சி கிடைக்காது.

அடுத்து, நீதிமன்றத்தில் நகல் மனு போட்டு, பணம் எடுக்க அவர் கொடுத்த மனு, அதன் மீதான உத்தரவு இரண்டுக்கும் சான்றிட்ட நகல் வாங்குங்கள். எந்தத் தேதியில் எவ்வளவு போனது என்பது அதில் வந்துவிடும். அதை வைத்து, கணக்கு கேட்டு ஒப்புகையோடு ஒரு கடிதம் அனுப்புங்கள். கட்சிக்காரர் பணத்துக்குக் கணக்கு வைப்பதும், ஃபீஸ் எது செலவு எது என்று பிரித்து எழுதுவதும், கேட்டால் நகல் தருவதும் அவர் கடமை. இது வாய்வார்த்தையில் நடந்தால் பின்னால் நிரூபிக்க முடியாது.

பத்திரத்தில் குழப்பமே இல்லை. ஃபீஸ் பாக்கி இருந்தாலும் வழக்குக் கட்டைப் பிடித்து வைக்க வக்கீலுக்கு உரிமை கிடையாது என்று 2000-இலேயே உச்ச நீதிமன்றம் தீர்த்துவிட்டது.

புகார் போனதும் சமாதானம் பேச ஆள் வரும். பணம் கைக்கு வராமல் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். இதே போன்ற ஒரு நிலம் எடுப்பு வழக்கில் ரூ.8,118-ஐ எடுத்து வைத்துக்கொண்ட வக்கீல், சமாதானம் ஆகிவிட்டதாகப் பொய்யாக ஒரு பிரமாணப் பத்திரமும் தாக்கல் செய்தார். 3 ஆண்டுத் தடை போதாது என்று 2002-இல் உச்ச நீதிமன்றம் அவர் பெயரையே நீக்கியது. அப்புறம், நீங்களே மனசு மாறி வாபஸ் வாங்கினாலும் அதற்காக மட்டும் விசாரணை நின்றுவிடாது. இதை நினைவில் வைத்துக்கொண்டு புகார் கொடுங்கள்.

புகாரைத் தேதிவாரியாக, சுருக்கமாக எழுதுங்கள். திட்டு வேண்டாம், நகல்கள் பேசட்டும். மாநில பார் கவுன்சில் ஓராண்டுக்குள் முடிக்காவிட்டால் புகார் இந்திய பார் கவுன்சிலுக்கு மாறும். மாநில பார் கவுன்சிலின் முடிவு திருப்தி இல்லையென்றால் 60 நாளுக்குள் இந்திய பார் கவுன்சிலில் மேல்முறையீடு செய்யலாம். நம்பிக்கை மோசடி என்று போலீஸிலும் புகார் கொடுக்க முடியும், பாரதிய நியாய சன்ஹிதா (இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த சட்டம்) 316-ஆம் பிரிவு. ஆனால் கணக்கு கேட்ட கடிதத்துக்கு என்ன பதில் வருகிறது என்று பார்த்துவிட்டுப் போவது நல்லது.