ஒரிஜினல் ஓவியம் வரையாமல், அடுத்தவர் படத்தைச் செதுக்கியே இத்தாலிய அச்சுச் செதுக்குக் கலைஞர் மார்க்கந்தோனியோ ரைமொண்டி பெயர் வாங்கியது எப்படி?

அவர் வாழ்ந்த பதினாறாம் நூற்றாண்டில் போட்டோ கிடையாது. ரோமில் இருக்கும், புகழ்பெற்ற ஓவியர் ரஃபேலின் ஓவியத்தை ஜெர்மனியில் இருப்பவர் பார்க்க வேண்டுமென்றால் அச்சுப்படம்தான் வழி. செப்புத் தகட்டில் உளியால் கோடு கீறி, கோட்டுக்குள் மையைத் தேய்த்து, மேலே ஒட்டியதைத் துடைத்துவிட்டு, ஈரத்தாளை வைத்து அழுத்துவார்கள். நிறம் கிடையாது, நிழல், சதை, துணிமடிப்பு எல்லாமே கோட்டின் நெருக்கத்தில்தான். இதை வெறும் காப்பி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ரைமொண்டி பொலோனியாவில் ஓவியர் பிரான்செஸ்கோ பிரான்சியாவிடம் தொழில் பழகியவர். ஆரம்பத்தில் செய்தது அப்பட்டமான காப்பிதான்: ஜெர்மன் ஓவியர் டியூரரின் மரச்செதுக்குப் படங்களை டியூரருடைய முத்திரையோடு சேர்த்தே செம்பில் இறக்கிவிட்டார். டியூரர் வெனிஸில் புகார் செய்ததாகவும், முத்திரையை மட்டும் போடக்கூடாது என்று தீர்ப்பானதாகவும், அந்த நூற்றாண்டில் கலைஞர்களின் வாழ்க்கை வரலாறுகளை எழுதிய வசாரி எழுதுகிறார்.

சுமார் 1510இல் ரோமுக்குப் போய் ரஃபேலோடு சேர்ந்தார். அப்புறம்தான் உண்மையான பெயர். ரஃபேல் அச்சுக்கென்றே கோட்டோவியம் கொடுப்பார். ‘பாரிஸின் தீர்ப்பு’ அப்படி வந்ததுதான் (பாரிஸ் இங்கே ஊரல்ல, தேவியரில் அழகி யார் என்று தீர்ப்புச் சொன்ன கிரேக்கப் புராண இளவரசன்). அதன் வலது கீழ் மூலையைப் பாருங்கள்: இரண்டு நதித் தேவர்கள், பக்கத்தில் நம்மைத் திரும்பிப் பார்க்கும் ஒரு பெண். ரஃபேலின் அந்தக் கோட்டோவியம் தொலைந்துவிட்டது. இந்த அச்சு பிழைத்தது. 1863இல் பிரெஞ்சு ஓவியர் மானே தன் ‘புல்வெளி விருந்து’ ஓவியத்துக்கு அந்த மூவரும் உட்கார்ந்திருக்கும் விதத்தை அப்படியே எடுத்துக்கொண்டார்.

1524இல் ரஃபேலின் சீடர் ஜூலியோ ரோமானோவின் கலவிப் படங்களைச் செதுக்கியதற்காகப் போப் ஏழாம் கிளமெண்ட் இவரைச் சிறையில் தள்ளினார். வரைந்தவர் அதற்குள் மாந்துவா நகரத்துக்குப் போய்விட்டார், மாட்டியது செதுக்கியவர்! 1527இல் ரோம் சூறையாடப்பட்டபோது இருந்ததையும் இழந்து பொலோனியா திரும்பினார்.