மெட்ரோவில் ஏன் யாரும் பேசுவதில்லை?

கேள்வி: வண்ணாரப்பேட்டையிலிருந்து சைதாப்பேட்டைக்கு தினமும் மெட்ரோவில் வேலைக்குப் போகிறேன். மின்சார ரயிலில் சுண்டல்காரர், பூ கட்டும் பெண்கள், அரட்டை என்று நேரம் போவதே தெரியாது. இங்கே ஜன்னலில் வேடிக்கை பார்க்க ஒன்றுமில்லை, யாரும் பேசுவதும் இல்லை. காது வேறு அடைக்கிறது. உங்களுக்கு இந்தப் பயணம் பிடிக்கிறதா?
— வாசகி, பழைய வண்ணாரப்பேட்டை

பதில்: ரொம்பப் பிடிக்கும், சகோதரி. காது விஷயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். குறுகிய சுரங்கத்தில் ரயில் வேகமாகப் போகும்போது காற்றழுத்தம் சட்டென்று மாறும். எச்சிலை விழுங்கினால் அடைப்பு விட்டுவிடும்.

நீங்கள் போகும் வழி முழுக்க பூமிக்கு அடியில்தான். வெளியே இருட்டு, உள்ளே வெளிச்சம். அதனால் ஜன்னல் கண்ணாடியில் தெரிவதெல்லாம் நம் முகங்கள்தான். நேரே பார்க்கக் கூச்சமாக இருக்கும் முகங்களை நான் அதில்தான் பார்ப்பேன். ஹைகோர்ட்டில் ஏறிய வக்கீல் வெள்ளைக் கழுத்துப்பட்டையைத் தளர்த்திவிட்டுக் கண்ணை மூடுவார். கம்பியைப் பிடித்து நிற்கும் கல்லூரிப் பெண் உதடு மட்டும் அசைய எதையோ மனப்பாடம் செய்வாள்.

மூக்குக்கும் வேலை உண்டு. மின்சார ரயிலில் வாசல் திறந்தே கிடக்கும், எந்த மணமும் நிற்காது. மெட்ரோவின் மூடிய ஏ.சி.யில் ஒருவர் தலையில் வைத்த மல்லி பாதிப் பெட்டிக்கு வரும். மண்ணடியில் அத்தர் ஏறும். சாயங்காலம் வேர்வையும், காலி டிபன் டப்பாவின் சாம்பார் வாசமும். இதற்கு முகம் சுளிப்பவர்களைக் கண்டால் எனக்கு வருத்தமாக இருக்கும்.

ஒருநாள் சைதாப்பேட்டையில் இறங்காமல் சின்னமலை வரை போய்ப் பாருங்கள். ரயில் மேலே ஏறுவது பாதத்திலேயே தெரியும். வெயில் உள்ளே விழுந்ததும் போனில் கவிழ்ந்திருந்த தலைகள் நிமிரும்.

சரி, பேச்சு. பீச்–தாம்பரம் மின்சார ரயில் 1931 முதல் ஓடுகிறது. வண்ணாரப்பேட்டைக்கு மெட்ரோ வந்ததே 2019 பிப்ரவரியில்தான். அந்தக் கலகலப்பு இதற்குள் வந்துவிடுமா? அதுவரை சென்ட்ரலில் சூட்கேஸோடு ஏறுகிறவர்களைக் கவனியுங்கள். அங்கே இரண்டு வழித்தடங்கள் சேர்வதால், “இது ஏர்போர்ட் போகுமா?” என்று கேட்க நினைத்துத் தயங்குவார்கள். நீல வழித்தடம் நேராகப் போகும் என்று நீங்களே சொல்லுங்கள். அப்புறம் எந்த ஊர் என்று கேளுங்கள். பேச்சு தானாக வரும்.