கோத்தகிரி ஈரத்தில் ஃபெவிகால் பூச்சு

கேள்வி: கோத்தகிரியில் வசிக்கிறேன். காலியான தைல பாட்டில்களிலும் மரத்தட்டுகளிலும் பூப்போட்ட டிஷ்யூ நாப்கினை ஒட்டி டிகோபாஜ் செய்கிறேன். அதற்கென விற்கும் பசை விலை கூடுதல் என்பதால், ஒட்டுவதற்கும் மேற்பூச்சுக்கும் ஃபெவிகாலையே பயன்படுத்தினேன். ஐப்பசி மழை தொடங்கியதும் பூச்சு பிசுபிசுக்கிறது; ஆங்காங்கே வெளுத்தும் விட்டது. ஃபெவிகால் இதற்கு உதவாதா?

பதில்: ஒட்டுவதற்குத் தாராளமாக உதவும், மேற்பூச்சாக மட்டும் அதை நம்ப வேண்டாம். ஃபெவிகால் போன்ற வெள்ளைப் பசை என்பது பாலிவினைல் அசிடேட் நுண்துகள்கள் நீரில் கலந்து நிற்கும் பால் போன்ற கலவை. நீர் ஆவியாகி வெளியேறும்போது துகள்கள் ஒன்றோடொன்று இணைந்து, கண்ணாடி போன்ற படலமாகின்றன. ஆனால், காய்ந்த பிறகும் அந்தப் படலம் ஈரத்தை உறிஞ்சி வெளுக்கும். உள்ளங்கைச் சூட்டுக்கே சற்று இளகும். சமவெளியில் ஒரு பகலில் காய்வது, வடகிழக்குப் பருவமழையும் பனிமூட்டமும் சேர்ந்த உங்கள் ஊரில் இரண்டு மூன்று நாள் எடுத்துக்கொள்ளலாம். குளிர் மிகுந்த இரவில் பூசினால் துகள்கள் சரியாக இணையாமல் மாவுபோல் உதிரவும் கூடும். ஆகவே காலை பத்து மணிக்கு மேல், சமையலறை போன்ற வெதுவெதுப்பான இடத்தில் வேலையை வைத்துக்கொள்ளுங்கள்.

பாட்டிலின் பழைய லேபிள் பிசுக்கைத் துடைக்க, அந்த நீலகிரித் தைலமே போதும். ஆனால், துடைத்தபின் சோப்பு நீரில் நன்கு கழுவிக் காயவிடாவிட்டால், எஞ்சிய எண்ணெய்ப் படிவின் மேல் எந்தப் பசையும் பிடிக்காது. நாப்கினில் இரண்டு மூன்று அடுக்குகள் இருக்கும். ஓரத்தை விரல் நுனியால் தேய்த்துப் பிரித்து, பூ அச்சிட்ட மேலடுக்கை மட்டும் எடுங்கள். இரண்டு பங்கு ஃபெவிகாலுக்கு ஒரு பங்கு நீர் சேர்த்து, பாட்டிலின் மீது மெல்லப் பூசி, தாளை வைத்து, நடுவிலிருந்து ஓரம் நோக்கி மெத்தென்ற தூரிகையால் ஒற்றுங்கள். இழுத்தால் ஈரத்தாள் நொடியில் கிழிந்துவிடும்.

மரத்தட்டுக்கு இதைவிட நல்ல வழி உண்டு. பசையை மட்டும் பூசி முழுதாகக் காயவிட்டு, அதன் மேல் நாப்கினையும் பட்டர் பேப்பரையும் விரித்து, மிதமான சூட்டில் இஸ்திரிப் பெட்டியால் அழுத்தினால், காய்ந்த பசை சூட்டில் இளகித் தாளைப் பற்றிக்கொள்ளும். ஈரமே சேராததால் சுருக்கமும் விழாது. மலையூர்களுக்கு இந்த முறையையே நான் முதலில் சொல்வேன்.

செலவைக் குறைக்க மைதாப் பசை காய்ச்சும் எண்ணம் எழலாம். ஈரக்காற்றில் அது பூசணம் பிடிக்கும், பூச்சியும் அரிக்கும். புத்தகம் கட்டுவோர் அதில் மயில்துத்தம் சேர்ப்பது இதற்காகத்தான்; அது நஞ்சு என்பதால் சாப்பாட்டுத் தட்டுப் பக்கம் கொண்டுவர வேண்டாம்.

பசை முழுதாகக் காய்ந்தபின், நீர் கலந்த அக்ரிலிக் வார்னிஷை மெல்லிய மூன்று பூச்சாக, ஒவ்வொன்றும் காய இடைவெளி விட்டுப் பூசுங்கள். முதல் பூச்சு தடித்தால் அடியிலுள்ள பசை மீண்டும் ஊறிவிடும். தச்சர்கள் பயன்படுத்தும் ஸ்பிரிட் கலந்த அரக்குப் பாலிஷ் இங்கே ஆகாது; ஸ்பிரிட் இந்தப் பசையைக் கரைக்கும், அரக்கும் ஈரக்காற்றில் வெளுக்கும். வார்னிஷ் பூசிய தட்டிலும் சூடான டீ டம்ளரை நேரே வைக்காதீர்கள். பாட்டிலில் வாய் படும் விளிம்பை ஒட்டாமல் விடுங்கள்.

ஏற்கெனவே வெளுத்தவற்றைத் தூக்கி எறிய வேண்டாம். ஹேர் டிரையரைக் குறைந்த சூட்டில், ஒரு சாண் தள்ளிப் பிடித்துக் காட்டுங்கள். ஈரம் போனால் பெரும்பாலும் வெண்மையும் போய்விடும். தெளிந்தபின் இரண்டு நாள் காயவிட்டு வார்னிஷ் பூசுங்கள். தெளியாத திட்டுகளில் பசை சரியாக இணையவே இல்லை என்று பொருள். அவற்றை ஈரத்துணியால் ஊறவைத்துச் சுரண்டி, புதிதாக ஒட்டுவதே வழி.