1882-க்கு முன் நியூசிலாந்தில் ஆட்டிறைச்சிக்கு ஏன் மதிப்பில்லை?

இறைச்சியை உறையவைத்துக் கடல் கடந்து விற்பதே உறைபதன இறைச்சி வணிகம். அது தோன்றும்வரை, உள்ளூரில் உண்ண ஆளின்றி, லண்டனுக்கு அனுப்பினால் அழுகிவிடும் என்பதால், நியூசிலாந்துப் பண்ணையார்கள் கம்பளிக்காகவே ஆடு வளர்த்தார்கள். மிஞ்சிய ஆடுகளைக் கொழுப்புக்காகக் காய்ச்சினார்கள் (இறைச்சியின் நிலை அவ்வளவுதான்). 1882 பிப்ரவரியில் போர்ட் சாமர்ஸிலிருந்து புறப்பட்ட ‘டுனெடின்’ கப்பல், சுமார் 5,000 உரித்த ஆடுகளை ஏறத்தாழ மூன்று மாதப் பயணத்தில் கெடாமல் லண்டன் சேர்த்தபின், இறைச்சிக்கேற்ற ஆட்டினங்களும் சிறு பண்ணைகளும் பெருகின. பால் குளிரூட்டும் நிலையம் வந்த ஊரில் வீட்டுக்கு வீடு கறவை மாடு பெருகுவதைப் போன்றது இது.

நீராவிக் கப்பலே இம்மாற்றத்தைக் கொணர்ந்தது எனப் பலர் கருதுகின்றனர். டுனெடினோ பாய்மரக் கப்பல், அதிலிருந்த நீராவி இயந்திரம் இறைச்சிக் கிடங்கைக் குளிர்விக்க மட்டுமே இயங்கியது.