கேள்வி–பதில்: கலீசியாவின் சந்தை ஆக்டோபஸ்

கேள்வி: ஸ்பெயினின் கலீசியாவில் சந்தைகளில் விற்கும் ஆக்டோபஸ் அவ்வளவு மெத்தென்று இருக்குமாமே! வீட்டில் செய்தால் ரப்பராகிறது, தோலும் உரிகிறது. எங்கே தப்பு?

பதில்: பாதித் தப்பு அடுப்பேற்றும் முன்பே நடந்துவிடுகிறது. அந்தக் காலத்தில் ஆக்டோபஸைக் கல்லில் அடித்துத் துவைத்துத்தான் மென்மையாக்குவார்கள். இன்று அந்த வேலையை ஃப்ரீசர் செய்கிறது. 2 நாளாவது உறையவிட்டால் உள்ளே உருவாகும் பனித்துகள்கள் தசைநாரைக் கிழித்துவிடும். பிறகு ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டில் ஒரு நாள் வைத்து மெதுவாக இளக விடுங்கள்.

அடுத்தது, கலீசியக்காரர்கள் பாஷையில் ‘பயமுறுத்துவது’. தலையைப் பிடித்துக்கொண்டு, தளதளவென்று கொதிக்கும் தண்ணீரில் 3 முறை முக்கி எடுக்க வேண்டும். ஆக்டோபஸின் கைகள் அழகாகச் சுருண்டுகொள்ளும். தோல் உரியாமல் இருப்பதும் இதனால்தான் என்பார்கள். என்னைக் கேட்டால், தோலைக் காப்பாற்றுவது தீயின் அளவுதான். முழுதாக உள்ளே விட்டபின் தீயைக் குறையுங்கள். கொதி அதிகமானால் ஒன்றோடொன்று உரசித் தோல் கிழியும்.

தண்ணீரில் உப்பு வேண்டாம். 2 கிலோவுக்கு 35 முதல் 40 நிமிடம் பிடிக்கும். ஆனால் கடிகாரத்தை நம்பாதீர்கள். கை தலையோடு சேரும் தடித்த இடத்தில் குச்சியால் குத்திப் பாருங்கள். லேசான தடையோடு இறங்கினால் அடுப்பை அணைத்து, அதே நீரில் 10, 15 நிமிடம் விடுங்கள். குச்சி இறங்க மறுத்தால் வேகவில்லை என்று அர்த்தம். ரப்பராவது பெரும்பாலும் இதனால்தான். வெண்ணெயாக இறங்கினால் வெந்து மீறிவிட்டது, தொட்டாலே தோல் உரிந்து வந்துவிடும்.

கத்தி வேண்டாம், கத்தரிக்கோலால் ஒரு விரல் தடிமனில் மரத்தட்டின் மேலேயே வெட்டுங்கள். ஒழுகும் நீரை மரம் உறிஞ்சிக்கொள்ளும். பீங்கான் தட்டில் என்றால் மேலே ஊற்றும் எண்ணெய் நீர்த்துப்போகும். மேலே கல் உப்பு, பாப்ரிகா (சிவப்பு மிளகாய்) தூள், ஆலிவ் எண்ணெய். மிச்ச நீரில் உருளைக்கிழங்கை வேகவைத்தால் அதுவும் இளஞ்சிவப்பாகிவிடும்.

கேள்வி: இதற்குப் பேர்போன ஓ கர்பல்லீன்யோ கடலோர ஊரே இல்லையே?

பதில்: இல்லைதான். அருகிலிருக்கும் ஓசெய்ரா என்ற கிறிஸ்தவத் துறவியர் மடத்துக்குக் கடலோர மரீன் பகுதியிலும் உரிமைகள் இருந்தன. அங்கிருந்து காயவைத்த ஆக்டோபஸ் உள்நாட்டுக்கு வந்தது. கருவாடு மாதிரி, ஊறவைத்தால் போதும். பக்கத்து ஆர்கோஸ் கிராமத்துப் பெண்கள் அதை வேகவைத்து விற்கச் செம்புக் கொப்பரையோடு சந்தை சந்தையாகப் போனார்கள். இன்றும் ஆகஸ்ட் 2-வது ஞாயிறு ஓ கர்பல்லீன்யோவில் ஆக்டோபஸ் திருவிழா. எண்ணெயும் பாப்ரிகா தூளும் சேர்ந்தது, அவற்றைக் கோவேறு கழுதைகளில் ஏற்றிவந்த வணிகர்கள் வழியாக என்று சொல்வார்கள்.