கிடப்பில் போடவும் ஒரு வழி

கேள்வி: அமெரிக்காவில் கூட்டாட்சி நீதிபதிகளை அதிபர் முன்மொழிகிறார், செனட் சபை ஊரறிய விசாரித்து, வாக்களித்து, தகுதியில்லாதவரைத் தள்ளிவிடுகிறது. இதைவிட ஒளிவுமறைவற்ற முறை வேறு உண்டா?
– ஒரு வாசகர், தென்காசி

பதில்: வாக்களித்துத் தள்ளினால் நீங்கள் சொல்வது சரிதான். ஆனால் ஒருவரைத் தள்ளிவிட அங்கே வாக்கெடுப்பே தேவைப்படுவதில்லை.

ரிச்சர்ட் பாயஸ் கதையைப் பாருங்கள். ஏழைகளுக்கான சட்ட உதவி அமைப்புகளில் வழக்கறிஞராக உழைத்து, 1981இல் லாஸ் ஏஞ்சலிஸ் நகராட்சி நீதிமன்ற நீதிபதியாகி, 1994இல் கூட்டாட்சி மாவட்ட நீதிபதியாக உயர்ந்தவர் அவர். 1996 ஜனவரியில் மேற்கு மாநிலங்களுக்கான ஒன்பதாவது வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அவரை அதிபர் கிளின்டன் முன்மொழிந்தார். அந்த நாடாளுமன்றத்தின் காலம் முடிந்ததும் அந்த முன்மொழிவு காலாவதியானது. 1997இல் மறுபடி அனுப்பினார். 1998இல் செனட்டின் நீதித்துறைக் குழு பரிந்துரைத்த பிறகும், குடியரசுக் கட்சியின் பெரும்பான்மைத் தலைமை அதை அவைக்குக் கொண்டுவரவில்லை. 1999இல் மூன்றாம் முறையாகப் பெயர் போனது. பதவியில் இருந்துகொண்டே அரசியல் பேசினார், இடதுசாரிச் சாய்வுள்ளவர் என்று எதிர்ப்பாளர்கள் சொன்னார்கள். இருக்கட்டும், அது எதிர்த்து வாக்களிக்கக் காரணமாகலாம், நான்கு ஆண்டு இழுத்தடிக்க எப்படிக் காரணமாகும்? கடைசியில் 2000 மார்ச் 9 அன்று, காலவரையின்றி ஒத்திவைக்கும் தீர்மானம் ஒன்றையும் தாண்டி, 59-39 என்று வென்றார்.

இதைக் கண்டித்தவர் கிளின்டனின் ஜனநாயகக் கட்சிக்காரர் மட்டுமல்லர். நிக்சன் நியமித்து, ரீகன் உச்ச நீதிமன்றத் தலைமை நீதிபதியாக்கிய பழமைவாதியான ரென்குவிஸ்டே 1997ஆம் ஆண்டறிக்கையில், கூட்டாட்சி நீதிபதிகளுக்கான 846 இடங்களில் 82 காலி, அவற்றில் 26 இடங்கள் பதினெட்டு மாதங்களுக்கு மேலாகக் காலி என்று கணக்குக் காட்டி, யாரையும் ஏற்றாக வேண்டிய கட்டாயம் செனட்டுக்கு இல்லை, ஆனால் உரிய காலம் விசாரித்தபின் ஏற்றோ மறுத்தோ வாக்களிக்க வேண்டும் என்று எழுதினார்.

ஒரு கட்சியை மட்டும் குறை சொல்வதாக நினைக்க வேண்டாம். 2001இல் குடியரசுக் கட்சி அதிபர் புஷ் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்றுக்கு முன்மொழிந்த மிகெல் எஸ்ட்ராடாவை, விவாதத்தை முடித்து வாக்கெடுப்புக்குப் போகவிடாமல் ஜனநாயகக் கட்சியினர் தடுத்தனர்; 2003 செப்டம்பரில் அவர் தாமாகவே விலகிக்கொண்டார்.

உச்ச நீதிமன்றத்துக்குக் கீழுள்ள நீதிமன்றங்களின் நியமனங்களுக்கு, விவாதத்தை இழுத்தடிக்கும் அந்த முட்டுக்கட்டையை 2013இல் விதியை மாற்றி நீக்கினார்கள். ஆனால் எதை அவைக்குக் கொண்டுவருவது என்ற அதிகாரம் பெரும்பான்மைத் தலைவரிடமே இருக்கிறது. 2016 மார்ச்சில் உச்ச நீதிமன்றத்துக்கு முன்மொழியப்பட்ட மெரிக் கார்லண்டுக்கு விசாரணை அமர்வுகூடக் கிடைக்காமல், 293 நாள் கழித்து அவரது முன்மொழிவு காலாவதியானது. அவரை எதிர்த்து வாக்களித்த செனட்டர்களின் பட்டியலைத் தேடிப் பாருங்கள். கிடைக்காது, எதிர்த்து வாக்களிக்க வேண்டிய தேவையே ஒருவருக்கும் வரவில்லை.